பன்னிரண்டில் ஒரு பங்கு

போர்ட் பிளேரில் குட்வில் எஸ்டேட் என்ற பகுதியில் நாங்கள் வீடு பார்க்கப் போன அன்று, மாடிப்படியில் ஒரு கிழவர் கையில் செய்தித்தாளோடு இறங்கி வந்தார். வெள்ளை அரைக்கைச் சட்டை, பையில் இரண்டு பேனா. என்னைப் பார்த்து, "நல்ல வீடும்மா. தண்ணிக்கு டென்ஷன் இல்ல, நானே பாத்துக்கறேன். லே லோ, எடுத்துக்கோங்க" என்றார்.

அவர் என்னை அடையாளம் கண்டுகொள்ளவில்லை. நான் அவரைக் குரலை வைத்தே கண்டுகொண்டேன். இருபது வருடத்துக்கு முன் எனக்கு ஐந்தாம் வகுப்பில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவர். சொல்லிக்கொடுத்தவர் என்று எழுதுவதுகூடப் பொய்தான். அவர் எனக்கு எதையும் சொல்லிக்கொடுக்கவில்லை.

கீழ்த்தள வீடு. இருட்டு. சுவரில் ஓதம் ஏறியிருந்தது. கணவர் உதட்டைப் பிதுக்கினார். நான் அங்கேயே நின்று, "இந்த வீடே போதும்" என்று சொல்லிவிட்டேன். கணக்கு சார் மேலே, நான் கீழே. தினமும் அவரைப் பார்க்கலாம், ஒருநாள் ஏதாவது கிடைக்கும் என்று நினைத்தேன். என்ன கிடைக்கும் என்று அப்போது தெரியாது. கிடைக்கும் என்பது மட்டும் தெரியும்.

அவர் எனக்குச் செய்ததைச் சொல்லிவிடுகிறேன்.

என் பெற்றோரின் பெற்றோர் சிலோன் தேயிலைத் தோட்டத்திலிருந்து திருப்பி அனுப்பப்பட்டவர்கள். இந்தியா வந்ததும் போர்ட் பிளேருக்குத் தெற்கே ஒரு தீவில் ரப்பர் தோட்டத்தில் வேலை கொடுத்துக் குடிவைத்தார்கள். நான் பிறந்தது அந்தத் தோட்டத்து லயத்தில், வரிசை வீடுகளில் ஒன்றில். எனக்கு ஒன்பது வயதில் சுனாமி வந்தது. எங்கள் லயத்தில் பல வீடுகள் ஆளோடு போயின. எங்கள் வீட்டில் ஆள் போகவில்லை, வீடு மட்டும் போயிற்று. கப்பலில் போர்ட் பிளேருக்குக் கொண்டுவந்து தகரக் கொட்டகையில் வைத்தார்கள். வருடத்தின் நடுவில் பக்கத்திலிருந்த ஒரு பள்ளியில் ஐந்தாம் வகுப்பில் என்னைச் சேர்த்தார்கள்.

நான் போவதற்கு முன்பே அந்த வகுப்பில் பின்னங்களை முடித்திருந்தார்கள். பாதி என்றால் என்ன, கால் என்றால் என்ன என்று எனக்குத் தெரியும். அதை எண்ணாக எழுதி, கோடு போட்டு, இரண்டைக் கூட்டுவதை நான் பார்த்ததே இல்லை.

நான் போன இரண்டாம் வாரம் சார் பலகையில் ஒரு கணக்கு எழுதினார். ஒரு பெண் காலையில் அரைத் தேங்காய் துருவினாள், மதியம் மூன்றில் ஒரு பங்கு தேங்காய் துருவினாள், மொத்தம் எவ்வளவு துருவினாள்? என்னை எழுப்பிப் பலகைக்குப் போகச் சொன்னார். நான் யோசித்தேன். மேலே ஒன்றும் ஒன்றும் இரண்டு. கீழே இரண்டும் மூன்றும் ஐந்து. 2/5 என்று எழுதிவிட்டுத் திரும்பினேன்.

"ஏ சிலோன்" என்றார் அவர். "பாதி தேங்கா துருவிட்டா. அப்புறம் இன்னும் துருவறா. கடைசில பாதிய விட கம்மியா இருக்கு. உங்க தோட்டத்துல துருவ துருவ தேங்கா திரும்ப முளைக்குமா?"

வகுப்பே சிரித்தது. எனக்குக் கேள்வியே புரியவில்லை. "அரைவாசியும்..." என்று ஏதோ ஆரம்பித்தேன். எங்கள் வீட்டில் பாதியை அப்படித்தான் சொல்வோம். அதற்கும் சிரித்தார்கள். அவர் ஒரு தாளைக் கிழித்து, பெரிதாக 2/5 என்று எழுதி, என் சட்டையில் ஊசி குத்தி மாட்டினார். அன்று மதியம் வரை வகுப்பு வகுப்பாகப் போய்க் காட்டிவிட்டு வரச் சொன்னார். ஒவ்வொரு வாசலிலும் நின்று, "தோ பட்டா பாஞ்ச்" என்று சொல்ல வேண்டும். ஐந்தில் இரண்டு என்பதற்கு ஹிந்தி. நான்கு வகுப்புக்குப் போனேன். ஒரு வகுப்பில் முதல் வரிசைப் பிள்ளை ஒன்று அழுதது. எனக்காக அழுததா, பயந்து அழுததா தெரியவில்லை.

பத்தாம் வகுப்பு முடிக்கும்வரை என் பெயர் தோ பட்டா பாஞ்ச்தான். பஸ்ஸில் ஏறினால் பின்சீட்டிலிருந்து கூப்பிடுவார்கள். கடைத்தெருவில் கூப்பிடுவார்கள்.

அந்தக் கணக்கை நான் கொட்டகையில் தனியாகத்தான் கண்டுபிடித்தேன். நிவாரணப் பொருட்களோடு நீளமான நீலச் சவுக்காரக் கட்டி கொடுத்திருந்தார்கள். அதில் வெட்டுவதற்காக ஆறு பங்காகக் கோடு போட்டிருக்கும். பாதி என்றால் மூன்று துண்டு. மூன்றில் ஒன்று என்றால் இரண்டு துண்டு. நூலை வைத்து அறுத்து, ஐந்து துண்டுகளைத் தரையில் வரிசையாக வைத்தேன். மீதி ஒன்று. ஆறில் ஐந்து. வேறு வேறு அளவில் வெட்டிய துண்டுகளை அப்படியே எண்ணினால் எதுவும் கிடைக்காது. எல்லாவற்றையும் ஒரே அளவுத் துண்டாக வெட்டிக்கொண்டால் பிறகு வெறுமனே எண்ண வேண்டியதுதான். இதைச் சொல்ல அந்த ஆளுக்கு ஐந்து நிமிடம் பிடித்திருக்காது.

"என்னா புள்ள, இருக்கிற சவுக்காரத்த எல்லாம் அறுத்துப் போட்டுருக்க?" என்று அம்மா திட்டினாள்.

கணக்குப் புரிந்த சந்தோஷம் இல்லை எனக்கு. கோபம்தான் பெரிதாகியிருந்தது.

இப்போது நான் ஒரு டிஸ்பென்சரியில் மருந்து கொடுக்கும் இடத்தில் இருக்கிறேன். காலையில் அரை மாத்திரை, ராத்திரி கால் மாத்திரை, பத்து நாளைக்கு எத்தனை என்று யாராவது சீட்டை நீட்டும்போது, ஏழரை என்று நான் சொல்லி முடிப்பதற்குள் சார் முகம் வந்து போகும். இருபது வருடமாக அப்படித்தான்.

வீட்டுக்கு வருவோம். அந்தக் கட்டிடத்தில் நான்கு குடித்தனம். மாடியில் சாரும் அவருடைய மகளும், இரண்டு பேர். பக்கத்தில் ஒரு பெங்காலி நர்ஸ் குடும்பம், நான்கு பேர். அந்த நர்ஸை எல்லாரும் தீதி, அக்கா, என்போம். கீழே எங்களுக்கு எதிரே ஆட்டோ ஓட்டும் தெலுங்கு அண்ணன் வீடு, மூன்று பேர். நான், என் கணவர், மகள், மூன்று பேர்.

கோடையில் குழாய்த் தண்ணீர் மூன்று நாளைக்கு ஒருமுறை வரும். வந்தால் தரைக்கடியில் இருக்கும் பொதுத் தொட்டி நிறையும். அதிலிருந்து மோட்டார் போட்டு, வால்வைத் திருப்பித் திருப்பி, மொட்டைமாடியில் உள்ள நான்கு வீட்டு டேங்குகளுக்கும் ஏற்ற வேண்டும். மோட்டார் அறைச் சாவியும் வால்வும் சார் கையில். யாருக்கு எவ்வளவு என்று அவர் கையாலேயே எழுதி, அறைக்கதவில் ஒட்டியிருந்தார். அவர் வீட்டுக்கு மூன்றில் ஒன்று. தீதி வீட்டுக்கு நான்கில் ஒன்று. ஆட்டோ அண்ணனுக்கு ஆறில் ஒன்று. எங்களுக்கு ஆறில் ஒன்று.

படித்தால் நிறைவாக இருக்கும். எல்லாருக்கும் ஏதோ ஒரு பங்கு. எழுதியவர் கணக்கு சார் வேறு. பல வருடமாக அதை ஒருவரும் கூட்டிப் பார்க்கவில்லை.

நான் வந்த முதல் கோடையில், பிப்ரவரி மாதம், எங்கள் டேங்க் இரண்டாம் நாள் மதியமே காலியானது. ஒரு விடுமுறை நாளில் வீட்டில் படுத்திருந்தேன். மோட்டார் சத்தம் கேட்டது. நான்கு வீட்டுக்கும் ஏற்றி முடித்து நின்றது. கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் ஓடியது. ஐந்து நிமிடம். நின்றது. பிறகு பின்பக்கம், அவர் டேங்கில் மாட்டிய ஹோஸ் பைப்பில் தண்ணீர் விழும் சத்தம்.

எழுந்து போய்ப் பார்த்தேன். பின்புறம் அவருடைய ஆந்தூரியம் பூத்தொட்டிகள். முப்பது இருக்கும். சிவப்பும் வெள்ளையுமாக, மெழுகு பூசினது மாதிரி பளபளவென்று நின்றன. எங்கள் வீட்டில் குழந்தையை ஒரு வாளியில் குளிப்பாட்டி, அந்தத் தண்ணீரையே கக்கூசுக்கு எடுத்துவைத்துக்கொண்டிருந்தேன்.

அப்போதுதான் கதவில் ஒட்டியிருந்த தாளைப் போய்ப் படித்தேன். நின்ற இடத்திலேயே கூட்டினேன். பன்னிரண்டு பங்காக வெட்டு. அவருக்கு நான்கு, தீதிக்கு மூன்று, அண்ணனுக்கு இரண்டு, எனக்கு இரண்டு. பதினொன்று.

உடனே மாடிக்கு ஓடிப் போய்க் கேட்கலாம் என்று கால் பரபரத்தது. போகவில்லை. தனியாகக் கேட்டால் தனியாக மழுப்புவார். எனக்குப் பார்க்க ஆள் வேண்டும். பள்ளியில் அன்று என்னைப் பார்க்க நான்கு வகுப்புப் பிள்ளைகள் இருந்தார்கள்.

அடுத்த மூன்று முறை தண்ணீர் வந்தபோதும் செல்போனை வைத்து நேரம் பார்த்தேன். நிறைந்த தொட்டியை மோட்டார் காலி செய்ய ஒரு மணி நேரம். அவருக்கு இருபது நிமிடம், தீதிக்குப் பதினைந்து, அண்ணனுக்குப் பத்து, எங்களுக்குப் பத்து. மீதி ஐந்து நிமிடம் பூச்செடிக்கு. மூன்று முறையும் அச்சு பிசகவில்லை. கணவரிடம் சொன்னேன்.

"விடு. பெரியவர். ஏதோ பூச்செடிதானே" என்றார்.

"நீங்க அந்த ஸ்கூல்ல படிக்கல" என்றேன்.

மார்ச்சில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை சார் தானாகவே எல்லாரையும் மோட்டார் அறைக்கு முன்னால் கூப்பிட்டார். தண்ணீர் சிக்கனம் பற்றிப் பேச வேண்டுமாம். தீதி குடும்பத்தோடு வந்தார். அண்ணனும் அவர் மனைவியும் வந்தார்கள். சாரின் மகள் படியில் நின்றாள்.

"டேம்ல பானி கம் ஹை. சப் லோக் கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணணும்" என்று, அணையில் தண்ணீர் குறைந்ததைச் சொல்லி ஆரம்பித்தார். பிறகு என் பக்கம் திரும்பினார். "கீழ் வீட்டுல டெய்லி துணி துவைக்கற சத்தம் கேக்குது. இது தோட்டம் இல்லம்மா, ஓடை ஓடறதுக்கு. இது டவுன்."

நான் ஒரு மாதமாகக் காத்திருந்தேன். மகளின் பையிலிருந்து எடுத்த சாக்பீஸ் நைட்டிப் பையிலேயே இருந்தது.

"சார், ஒரு கணக்கு கேக்கலாமா?"

"பூச்சோ, கேளும்மா. கணக்குன்னா எப்பவும் கேக்கலாம்."

"ஒரு தொட்டித் தண்ணிய நாலு வீடு பங்கு போடுது. ஒரு வீட்டுக்கு மூணுல ஒண்ணு. ஒரு வீட்டுக்கு நாலுல ஒண்ணு. மத்த ரெண்டு வீட்டுக்கும் ஆறுல ஒவ்வொண்ணு. மொத்தம் எவ்வளவு சார்?"

"பூரா தொட்டி. ஒண்ணு" என்றார் சிரித்துக்கொண்டே.

"போட்டுக் காட்டுங்க சார். எனக்கு இந்தக் கணக்குல கொஞ்சம் வீக்."

சாக்பீஸை நீட்டினேன். வாங்கிக்கொண்டார். அறைக்கதவு பச்சை பெயின்ட் அடித்தது, பலகை மாதிரியே இருந்தது. அவர் கை பழக்கத்தில் அழகாக எழுதியது. நான்கு பின்னங்கள், நடுவில் கூட்டல் குறிகள். நீளமாக ஒரு கோடு இழுத்து, கீழே 12 என்று எழுதினார். மேலே 4, 3, 2, 2 என்று எழுதினார். அங்கே கை நின்றுவிட்டது.

"எழுதுங்க சார்."

திரும்பி என்னைப் பார்த்தார்.

"விடைய எழுதுங்க."

11/12 என்று எழுதினார். சாக்பீஸ் கீழே விழுந்தது. குனிந்து எடுக்கவில்லை.

தீதிதான் முதலில் பேசினார். "பாக்கி ஏக் ஹிஸ்ஸா கஹாங் கயா, மாஸ்டர்ஜி?" மீதி ஒரு பங்கு எங்கே போயிற்று என்று கேட்டார்.

"அது அடித்தண்ணி. மண்டி. யூஸ் பண்ண முடியாது."

"மண்டியா?" என்றார் ஆட்டோ அண்ணன். "நேத்து உங்க பூச்செடிக்கு பைப்ல வந்தது ஏக்தம் சாஃபா, சுத்தமா இருந்துச்சே சார். நா வண்டி கழுவ ஒரு மக் கேட்டேன். இல்லன்னு சொன்னீங்க."

யாரும் குரலை உயர்த்தவில்லை. அது எனக்குப் பிடித்திருந்தது. சத்தம் போட்டிருந்தால் அவரும் சத்தம் போட்டுத் தப்பித்திருப்பார்.

நான் கேட்டேன். "சார், ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. கூட்டத் தெரியாம இப்படி எழுதினீங்களா, தெரிஞ்சே எழுதினீங்களா?"

இந்தக் கேள்வியை நான் பல நாள் யோசித்து வைத்திருந்தேன். தெரிந்தே எழுதினேன் என்றால் திருடன். தெரியாமல் என்றால், முப்பது வருடத்துக்கு மேல் கணக்குச் சொல்லிக்கொடுத்த ஆளுக்கு ஐந்தாம் வகுப்புக் கணக்கு தெரியாது. இரண்டில் எது சொன்னாலும் எனக்குப் போதும்.

அவர் மகள், "அப்பா, மேல வாங்க" என்றாள்.

அவர் போகவில்லை. கதவைப் பார்த்துக்கொண்டே, "தப்பா கூட்டிட்டேன்" என்றார். மெதுவாகச் சொன்னார். பின்னால் நின்ற தீதியின் மாமியாருக்குக் கேட்கவில்லை. "க்யா போலா?" என்றார் அவர். நான் திரும்பி, சத்தமாக, "தப்பா கூட்டிட்டாராம்" என்று சொன்னேன். அந்த ஒரு வாக்கியத்தைச் சொன்னபோது என் நாக்கில் இருந்த ருசியை இப்போதும் நினைவுபடுத்திக்கொள்ள முடிகிறது.

அன்றே புதிதாகப் பங்கு போட்டோம். நான்கு வீட்டிலும் சேர்த்து மொத்தம் பன்னிரண்டு பேர். ஆளுக்குப் பன்னிரண்டில் ஒன்று. தீதி வீட்டுக்கு மூன்றில் ஒன்று, அண்ணனுக்குக் கால், எங்களுக்குக் கால், சாருக்கு ஆறில் ஒன்று. எல்லாருக்கும் முன்னாலேயே கதவில் கூட்டிக் காட்டினேன். நான்கு, மூன்று, மூன்று, இரண்டு. பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு. சாவியை என்னிடம் கொடுக்கச் சொன்னது தீதி.

இருபத்தைந்து நிமிடத் தண்ணீர் வாங்கிக்கொண்டிருந்தவருக்கு இனி பத்து நிமிடம். செல்போனில் அலாரம் வைப்பேன். அடித்ததும் வால்வை மூடுவேன். ஒரு வினாடி கூட விட்டதில்லை.

இரண்டு வாரம் கழித்து ஒரு மாலை, படியில் அவரைத் தனியாகப் பார்த்தேன். இனியும் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

"சார், தோ பட்டா பாஞ்ச் ஞாபகம் இருக்கா?"

"க்யா?"

சுனாமி வருடத்தைச் சொன்னேன். கொட்டகையைச் சொன்னேன். தேங்காய்க் கணக்கு, தாள், ஊசி, எல்லாம் சொன்னேன். சொல்லி முடிக்கும்வரை படியின் கைப்பிடியை விடவில்லை. அவர் நெற்றியைச் சுருக்கி நன்றாகவே யோசித்தார்.

"ஞாபகம் இல்லம்மா" என்றார். "பண்ணிருப்பேன். அப்ப நிறைய பசங்க வந்தாங்க. எத்தன பேர் சட்டைல குத்திருப்பேன்."

மன்னிப்புக் கேட்டிருந்தால் என்ன செய்திருப்பேன் என்று தெரியாது. இல்லவே இல்லை என்று சண்டை போட்டிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அவருக்கு நினைவே இல்லை. நான் இருபது வருடம் தூக்கிக்கொண்டு திரிந்ததை அவர் அன்று சாயந்திரமே மறந்திருக்கிறார். என்னைப் போல் எத்தனை பேர் என்பதும் அவருக்குத் தெரியாது. அந்த மற்றவர்கள் எங்கே இருக்கிறார்கள், வடக்கே மாயாபந்தரிலா, கடல் தாண்டி மெயின்லேண்டிலா, பின்னம் கூட்டக் கற்றார்களா இல்லையா என்று அன்றைக்கெல்லாம் யோசித்துக்கொண்டிருந்தேன். கோபம் தணியவில்லை. அவர்கள் பங்கும் சேர்ந்துகொண்டது.

ஏப்ரலில் ஆந்தூரியம் ஒவ்வொன்றாகச் செத்தது. முதலில் இலை ஓரம் கருகியது. பிறகு பூ காகிதம் மாதிரி சுருங்கித் தொங்கியது. டிஸ்பென்சரிக்குக் கிளம்பும்போது சுற்றிப் பின்பக்கமாகப் போய்ப் பார்த்துவிட்டுத்தான் போவேன். வழி அது அல்ல. அதற்காகவே போவேன். அவர் குளித்த தண்ணீரை மக்கில் கொண்டுவந்து இரண்டு தொட்டிக்கு மட்டும் ஊற்றிக்கொண்டிருந்ததை ஒருநாள் பார்த்தேன். அந்த இரண்டும் பிழைக்குமோ என்று கவலையாக இருந்தது.

ஒரு மதியம் அவர் மகள் இரண்டு வாளியோடு கதவைத் தட்டினாள். "அக்கா, அப்பாக்கு புக்கார். வாந்தி வேற. பெட்ஷீட் அலசணும். மேல தண்ணி இல்ல."

எங்கள் டேங்கிலிருந்து இரண்டு வாளி பிடித்துக் கொடுத்தேன். காய்ச்சலுக்கு மாத்திரையும் கொடுத்தேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். அடுத்த முறை மோட்டார் போட்டபோது, ஒரு நிமிடத்துக்கு ஏறக்குறைய ஒரு வாளி என்று வைத்து, சார் வீட்டு வால்வை எட்டு நிமிடத்தில் மூடினேன். அந்த இரண்டு நிமிடத்தை எங்கள் வீட்டுக்குத் திருப்பிக்கொண்டேன்.

கணவர் பக்கத்தில்தான் நின்றிருந்தார். "இது ரொம்ப ஓவர்" என்றார்.

"கணக்குன்னா சரியா இருக்கணும்" என்றேன்.

அவர் அன்று என்னோடு சாப்பிட உட்காரவில்லை. அவர் நினைத்தது சரியாக இருக்கலாம். நான் மாற்றிக்கொள்ளவில்லை. எழுத உட்கார்ந்த பிறகும், அந்த எட்டு நிமிடத்துக்காக வெட்கப்பட முடிகிறதா என்று என்னையே கேட்டுப் பார்த்தேன். வெட்கம் வரவில்லை.

மே மாதம் மழை எதிர்பார்த்ததற்கு முன்னாலேயே வந்துவிட்டது. இரண்டு நாள் இடைவிடாமல் கொட்டியது. தீதி வீட்டுப் பிள்ளைகள் வாசலில் டிரம், அண்டா, குடம் என்று எல்லாவற்றையும் வைத்துவிட்டு நனைந்துகொண்டு ஆடினார்கள். தொட்டி வழிந்து மோட்டார் அறைக்குள் தண்ணீர் புகுந்தது. கதவில் எழுதியிருந்த பங்கெல்லாம் கரைந்து பச்சையில் வெள்ளையாக வழிந்தது. அந்தக் கட்டிடத்தில் மழையைப் பார்த்து முகம் சுளித்த ஒரே ஆள் நான்தான். இன்னும் மூன்று வாரமாவது வால்வு என் கையில் இருக்கும் என்று நினைத்திருந்தேன்.

மழை விட்ட காலையில் சார் கீழே வந்தார். காய்ச்சலில் நன்றாக மெலிந்திருந்தார். செத்த செடிகளைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, சிப்பிகாட் பண்ணைப் பக்கமிருந்து யாரோ கொண்டுவந்து கொடுத்த கன்றுகளை ஒவ்வொரு தொட்டியாக நட்டார். நான் அறையில் தண்ணீரை வாரி வெளியே ஊற்றிக்கொண்டிருந்தேன். மண் ஒட்டிய கையோடு வாசலில் வந்து நின்றார்.

"இனிமே வால்வு வேலை இருக்காது இல்ல?"

"இப்ப இருக்காது சார். பிப்ரவரில இருக்கும்."

தலையை ஆட்டிவிட்டுத் தொட்டிகளிடம் திரும்பிப் போனார். அன்று மாலை நான்கு வால்வுக்கும் கிரீஸ் தடவி, துரு ஏறாமல் பிளாஸ்டிக் பை சுற்றிக் கட்டிவைத்தேன்.